ஆணையின் எல்லை: பணியிட ஒழுங்குத் தகராறுகளும் நீதிமன்ற அவமதிப்பு நடவடிக்கையும் – திருப்பூர்ப் பின்னலாடைத் தொழிலை முன்வைத்து

ஆய்வுச்சுருக்கம்

2011 ஜனவரியில் சென்னை உயர்நீதிமன்றம் ஓர் அவமதிப்பு வழக்கில் பிறப்பித்த ஆணையால் திருப்பூரின் எழுநூறுக்கும் மேற்பட்ட சாய, சலவைப்பட்டறைகள் மூடப்பட்டன. ஆனால் அதே நகரில் வேலையிலிருந்து நீக்கப்பட்ட ஒரு தையல் தொழிலாளியை மீண்டும் இயந்திரத்தின் முன் அமர்த்த அவமதிப்பு நடவடிக்கை பெரும்பாலும் உதவுவதில்லை. ஒரே அதிகாரம் ஓரிடத்தில் வலிமையுடனும் மற்றோரிடத்தில் வலுவிழந்தும் தோன்றுவது ஏன் என்பதை இக்கட்டுரை வரலாற்று முறையில் ஆராய்கிறது. 1920இன் பின்னி ஆலை வழக்கு, 1984இன் திருப்பூர் வேலைநிறுத்தம், உச்சநீதிமன்றத் தீர்ப்புகள், நொய்யல் வழக்கு ஆகியவை இதற்குச் சான்றுகளாகக் கொள்ளப்படுகின்றன.

திறவுச்சொற்கள்: நீதிமன்ற அவமதிப்பு, ஒழுங்கு நடவடிக்கை, உள்விசாரணை, திருப்பூர், பின்னலாடைத் தொழில், நொய்யல் வழக்கு.

முன்னுரை

பணிநீக்கம் செய்யப்பட்ட தொழிலாளி நீதிமன்றத்தில் சாதகமான ஆணை பெற்றபின்னும் வேலைக்குச் சேர்க்கப்படாதபோது, அடுத்த படியாக அவருக்குச் சொல்லப்படும் வழி அவமதிப்பு மனுவாகும். ‘நீதிமன்றம் சொல்லியும் கேட்கவில்லை’ என்பதே அவமதிப்பு எனப் பொதுவழக்கில் கருதப்படுகிறது. சட்டத்தின் நோக்கு இதனினும் குறுகியது. 1971ஆம் ஆண்டு நீதிமன்ற அவமதிப்புச் சட்டத்தின் 2(b) பிரிவு, நீதிமன்றத்தின் தீர்ப்பையோ ஆணையையோ வேண்டுமென்றே மீறுவதை உரிமையியல் அவமதிப்பு என வரையறுக்கிறது. 12ஆம் பிரிவின்படி அதற்குரிய உச்சத் தண்டனை ஆறு மாத வெறுங்காவலும் 2000 ரூபாய் அபராதமும் ஆகும். அவமதிப்பு நிகழ்ந்த நாளிலிருந்து ஓராண்டு கடந்தபின் நடவடிக்கை தொடங்க இயலாது என்கிறது 20ஆம் பிரிவு. இம்மூன்றும் சேர்ந்து ஒரு கருத்தைத் தெளிவாக்குகின்றன: இச்சட்டம் நீதிமன்றத்தின் அதிகாரத்தைக் காக்க இயற்றப்பட்டது, வழக்காடியவரின் இழப்பை ஈடுசெய்வது அதன் முதன்மை நோக்கம் அன்று.

பணியிட ஒழுங்குத் தகராறோ தொடர்ந்து வளரும் இயல்புடையது. குற்றச்சாட்டுக் குறிப்பாணை, தற்காலிகப் பணிநீக்கம், உள்விசாரணை, தண்டனை ஆணை என ஒவ்வொரு படியிலும் நிர்வாகம் புதிய முடிவொன்றை எடுக்கிறது. நிற்கும் ஆணையைக் கொண்டு நகரும் தகராறை அளக்க முற்படுவதில்தான் இங்கு ஆராயப்படும் சிக்கல் தொடங்குகிறது.

தடையாணையின் முன்வரலாறு: சென்னை, 1920

தமிழகத் தொழிலாளர் வரலாற்றில் நீதிமன்ற ஆணையின் வலிமையை முதலில் உணர்ந்தவர்கள் தொழிற்சங்கத்தினரே. 1918 ஏப்ரல் 27 அன்று தொடங்கப்பட்ட சென்னைத் தொழிலாளர் சங்கத்தின் தலைவராக பி. பி. வாடியா விளங்கினார். பக்கிங்காம் ஆலையில் 1920இல் கதவடைப்பு ஏற்பட்டபோது, தொழிலாளரை வேலை ஒப்பந்தத்தை மீறத் தூண்டியதாகக் கூறி, பின்னி நிறுவனத்தார் வாடியா உள்ளிட்டோர் மீது சென்னை உயர்நீதிமன்றத்தில் இழப்பீடு கோரி வழக்குத் தொடுத்து இடைக்காலத் தடையாணையும் பெற்றனர். தடையாணையை மீறினால் அவமதிப்பு. பின்பற்றினால் சங்கம் செயலற்றுப் போகும். வாடியா தொழிலாளர் இயக்கத்திலிருந்து விலக வேண்டும் என்ற உடன்பாட்டோடு வழக்கு முடிவுக்கு வந்தது.

இவ்வழக்கு எழுப்பிய அதிர்ச்சி, 1926ஆம் ஆண்டுத் தொழிற்சங்கச் சட்டம் உருவாவதற்கான காரணங்களுள் ஒன்றாயிற்று. பதிவுபெற்ற சங்கத்தினர் தொழிற்தகராறையொட்டி வேலை ஒப்பந்தத்தை மீறத் தூண்டினார்கள் என்ற காரணத்துக்காக மட்டும் அவர்கள்மீது உரிமையியல் வழக்குத் தொடர இயலாது என அச்சட்டத்தின் 18ஆம் பிரிவு காப்பளித்தது. தொழிலுறவுகளில் நீதிமன்ற ஆணையின் வீச்சைக் குறுக்கவேண்டும் என்ற கோரிக்கை முதலில் தொழிலாளர் பக்கமிருந்து எழுந்தது என்பது இங்குக் கருதத்தக்கது. அவமதிப்பு அதிகாரத்தின் எல்லைகளை முதலாளிகளுக்குச் சாதகமான சட்ட நுணுக்கங்களாக மட்டும் காண்போர் இம்முன்வரலாற்றையும் கணக்கில் கொள்ள வேண்டும்.

ஏறத்தாழ ஒரு நூற்றாண்டுக்குப் பின்னரும் இக்காட்சி மாறிவிடவில்லை. 2018 ஜனவரி 4 அன்று தமிழ்நாட்டு அரசுப் போக்குவரத்துத் தொழிலாளர்கள் ஊதிய உயர்வு கோரி வேலைநிறுத்தம் தொடங்கினர். பணிக்குத் திரும்பாவிட்டால் அவமதிப்பு நடவடிக்கை உட்பட விளைவுகளைச் சந்திக்க நேரிடும் என உயர்நீதிமன்றம் மறுநாளே எச்சரித்தது. எச்சரிக்கைக்குப் பின்னும் வேலைநிறுத்தம் நீடித்தது. ஓய்வுபெற்ற நீதிபதி இ. பத்மநாபனை நடுவராக நீதிமன்றம் நியமித்த பின்னரே, ஜனவரி 11 அன்று அது விலக்கிக்கொள்ளப்பட்டது. தகராறைப் பேசித் தீர்க்க ஓர் இடம் கிடைத்ததே திருப்பத்துக்கு வழிசெய்தது எனலாம்.

அவமதிப்பு நீதிமன்றம் எதைத் தீர்மானிக்கலாம்?

தனியொரு ஊழியர்மீதான ஒழுங்கு நடவடிக்கையில் அவமதிப்பு அதிகாரம் எதுவரை செல்லும் என்பதை உச்சநீதிமன்றம் படிப்படியாக வரையறுத்துள்ளது. அவற்றை நான்கு எல்லைகளாகத் தொகுக்கலாம்.

முதலாவது, நிலுவை வழக்கும் உள்விசாரணையும் பற்றியது. விவகாரம் நீதிமன்றத்தில் இருக்கும்போது நிர்வாகம் விசாரணை நடத்துவதே அவமதிப்பு என்ற வாதம் நெடுங்காலம் முன்வைக்கப்பட்டது. ஜங் பகதூர் சிங் வழக்கில் (1968) உச்சநீதிமன்றம் இதை ஏற்கவில்லை. நல்லெண்ணத்துடன் நடத்தப்படும் ஒழுங்கு விசாரணை நீதியின் போக்கில் குறுக்கிடுவதாகாது. நீதிமன்றம் தடைவிதித்திருந்தால் மட்டுமே நிலைமை வேறு என்பது அத்தீர்ப்பின் சாரம்.

இரண்டாவது, புதிய ஆணை பற்றியது. ஜே. எஸ். பரிஹார் வழக்கில் (1996), நீதிமன்ற ஆணையைப் பின்பற்றி நிர்வாகம் ஒரு முடிவை எடுத்துவிட்டால், அம்முடிவு தவறானதாயினும் அது புதிய வழக்குக்கே காரணமாகும். அதன் சரிதவறை அவமதிப்பு நீதிமன்றம் ஆராய இயலாது எனப்பட்டது. ஒழுங்குத் தகராறில் இதன் விளைவு பெரிது. எடுத்துக்காட்டாக, ஓவர்லாக் இயந்திரத்தில் வேலைசெய்யும் தொழிலாளி ஒருவரைப் பற்றி ‘பன்னிரண்டு வாரத்துக்குள் விசாரணையை முடித்துத் தக்க ஆணை பிறப்பிக்க வேண்டும்’ என நீதிமன்றம் கூறுவதாகக் கொள்வோம். பதினோராம் வாரத்தில் நிர்வாகம் விசாரணையை முடித்து அவரை நீக்கிவிட்டால் ஆணை பின்பற்றப்பட்டதாகவே பொருள். விசாரணையில் சாட்சிகளைக் குறுக்கு விசாரணை செய்ய அவருக்கு வாய்ப்புத் தரப்பட்டதா, தண்டனை குற்றத்துக்கு ஏற்றதா என்பவை வேறு மன்றத்தில் எழுப்பவேண்டிய வினாக்கள்.

மூன்றாவது, பரிகாரம் பற்றியது. மிட்னாபூர் மக்கள் கூட்டுறவு வங்கி வழக்கு (2006) வங்கி ஊழியர் ஒருவர் மீதான ஒழுங்கு நடவடிக்கையிலிருந்து எழுந்தது. அவமதிப்பு நிகழ்ந்ததா, நிகழ்ந்திருந்தால் தண்டனை என்ன என்பவற்றை மட்டுமே அவமதிப்பு நீதிமன்றம் தீர்மானிக்கலாம் என்றும், தரப்பினரிடையேயான தகராறின் உள்ளீட்டைத் தீர்மானிக்கும் பணிப்புரை அவ்வதிகாரத்தின் பகுதியன்று என்றும், அத்தகைய பணிப்புரைக்கு எதிராக மேல்முறையீடு செய்யலாம் என்றும் உச்சநீதிமன்றம் தெளிவுபடுத்தியது. சென்னை உயர்நீதிமன்றத்திலிருந்து சென்ற சுதீர் வாசுதேவா வழக்கும் (2014) இதே திசையில் அமைந்தது. எண்ணெய் மற்றும் இயற்கை எரிவாயுக் கழகத்தின் ஒப்பந்த ஊழியர்களுக்கெனக் கூடுதல் பணியிடங்களை உருவாக்குமாறு அவமதிப்பு வழக்கில் இடப்பட்ட பணிப்புரை நீக்கப்பட்டது. மூல ஆணையில் வெளிப்படையாக இல்லாததை அவமதிப்பு நீதிமன்றம் புதிதாகச் சேர்க்கலாகாது என்பதே காரணம்.

நான்காவது, நிறைவேற்றம் பற்றியது. நிறைவேற்றுவதற்குச் சட்டம் வேறு வழி வகுத்திருக்கும்போது, அவமதிப்பு நடவடிக்கையை அதற்கு மாற்றாகப் பயன்படுத்தலாகாது என்பது கபில்தேவ் பிரசாத் ஷா வழக்கில் (1999) வலியுறுத்தப்பட்டது. அவமதிப்புக்குத் தண்டிக்கும் அதிகாரம் அரசமைப்பின் 129, 215ஆம் உறுப்புகளின்படி உச்சநீதிமன்றத்துக்கும் உயர்நீதிமன்றங்களுக்கும் உரியது. தொழிலாளர் நீதிமன்றம் தன் தீர்ப்பை மீறியவரைத் தானே அவ்வாறு தண்டிக்க இயலாது. தொழிலாளர் நீதிமன்றத் தீர்ப்பை எதிர்த்து நிர்வாகம் தாக்கல் செய்த நீதிப்பேராணை மனுவை உயர்நீதிமன்றம் வெறுமனே தள்ளுபடி செய்திருந்தால், மீறத்தக்க நேரடிப் பணிப்புரை உயர்நீதிமன்ற ஆணையில் உள்ளதா என்ற வினாவும் எழுகிறது.

திருப்பூரில் ஆணை யாரைச் சென்றடையும்?

மேற்கண்ட எல்லைகள் நாடு முழுமைக்கும் பொதுவானவை. திருப்பூரின் தொழிலமைப்பு அவற்றோடு மற்றொன்றைச் சேர்க்கிறது. ஆணையை மீறினார் எனக் காட்டுவதற்கு முன், ஆணைக்குக் கட்டுப்பட்டவர் யார் என்பதை நிறுவவேண்டும்.

1984இல் திருப்பூர்ப் பின்னலாடைத் தொழிலாளர்கள் பஞ்சப்படி கோரி 127 நாள் பொது வேலைநிறுத்தம் செய்தனர். முதலாளிகள் ஒருபுறமும் சங்கங்கள் மறுபுறமுமாக நேருக்கு நேர் நின்ற போராட்டம் அது. அதன்பின் வந்த ஏற்றுமதிப் பெருக்கக் காலத்தில் உற்பத்தி பல சிறு அலகுகளாகப் பிரிந்தது. பின்னல், சலவை, சாயம், அச்சு, கட்டிங், தையல், காஜா பட்டன், செக்கிங், பேக்கிங் என ஒவ்வொன்றும் தனித்தனி ஜாப் ஒர்க் ஆயின. தொழிலாளராக இருந்த பலர் சிறு முதலாளிகளாக மாறிய வரலாற்றை ஷரத் சாரியின் ஆய்வு (2004) விரிவாகக் காட்டியுள்ளது. ஏற்றுமதி நிறுவனத்தின் கட்டடத்துக்குள்ளேயே பவர் டேபிள் காண்ட்ராக்டரின் கீழ் பீஸ் ரேட்டில் தைப்பவர் யாருடைய தொழிலாளி என்ற வினா இவ்வமைப்பின் விளைவாகும்.

இதனால் ஒழுங்கு நடவடிக்கையின் வடிவமே மாறுகிறது. 2025 வரை நடைமுறையிலிருந்த 1946ஆம் ஆண்டுத் தொழில்நிறுவன வேலைவாய்ப்பு (நிலையாணைகள்) சட்டம் பொதுவாக நூறு அல்லது அதற்கு மேற்பட்டோர் வேலைசெய்யும் நிறுவனங்களை மனத்திற்கொண்டிருந்தது. எவை ஒழுங்கீனங்கள், விசாரணை எப்படி நடக்கவேண்டும் என்பன அங்கு எழுத்தில் இருக்கும். இருபது இயந்திரங்கள் கொண்ட பட்டறையில் குறிப்பாணையும் இல்லை, விசாரணையும் இல்லை. ‘நாளையிலிருந்து வரவேண்டாம்’ என்ற ஒரு சொல்லில் எல்லாம் முடிந்துவிடுகிறது. சில வேளைகளில் அச்சொல்லும் தேவைப்படுவதில்லை. அவருக்குரிய கட்டுத்துணி வேறொருவரின் மேசைக்குப் போய்விடும். எழுத்தில் ஆணையே இல்லாத பணிநீக்கத்தில் தொழிலாளி முதலில் மெய்ப்பிக்க வேண்டியது தான் அங்கு வேலைசெய்தார் என்பதையே. சம்பளச் சிட்டை, வருங்கால வைப்புநிதி எண், தொழிலாளர் ஈட்டுறுதி அட்டை ஆகியவற்றுள் ஒன்றுகூட இல்லாதவருக்கு இது எளிதன்று.

அதையும் கடந்து அவர் மீள்பணியமர்த்தல் தீர்ப்பைப் பெற்றார் எனக் கொள்வோம். அதற்குள் பட்டறை வேறு பெயரில் வேறு தெருவில் இயங்கலாம், காண்ட்ராக்டர் மாறியிருக்கலாம். ‘வேண்டுமென்றே மீறினார்’ என்பதை ஐயத்துக்கு இடமின்றிக் காட்டவேண்டிய அவமதிப்பு வழக்கில், ஆணைக்கு இரு பொருள் கொள்ள இடமிருந்தாலே எதிர்தரப்பு தப்பிவிடும். ‘வேலைக்கு வரச்சொன்னோம், அவர்தான் வரவில்லை’ என்ற மறுமொழியைச் சோதித்துப் பார்க்க அங்கே நடுநிலைச் சாட்சியும் இருப்பதில்லை.

நொய்யல் வழக்கு: அவமதிப்பு வெற்றிபெற்ற இடம்

இந்நிலையில், அதே நகரில் அவமதிப்பு அதிகாரம் முழு வலிமையுடன் செயல்பட்ட நிகழ்வு ஒப்பீட்டுக்கு உதவுகிறது. சாயக்கழிவால் நொய்யலாறும் ஒரத்துப்பாளையம் அணையும் கெட்டு, கீழ்ப்பாசன நிலங்கள் பாழானதை எதிர்த்து நொய்யல் ஆற்று ஆயக்கட்டுதாரர் பாதுகாப்புச் சங்கம் வழக்குத் தொடுத்தது. 2006 டிசம்பரில் சென்னை உயர்நீதிமன்றம், கழிவுநீரைச் சிறிதும் வெளியேற்றாத நிலையை எட்டக் காலக்கெடு விதித்தது. அதுவரை வெளியேறும் ஒவ்வொரு லிட்டருக்கும் பைசாக் கணக்கில் தொகை செலுத்தவும் ஆணையிட்டது. 2009 அக்டோபர் 6 அன்று உச்சநீதிமன்றம் இதை உறுதிசெய்து மூன்று மாதக் கெடு அளித்தது. கெடு கடந்தும் கழிவு ஓடியதால் விவசாயிகள் அவமதிப்பு மனுவுடன் உயர்நீதிமன்றம் சென்றனர். 2011 ஜனவரி 28 அன்று சாயப்பட்டறைகளையும் பொதுச் சுத்திகரிப்பு நிலையங்களையும் மூடவும் மின்னிணைப்பைத் துண்டிக்கவும் ஆணை பிறந்தது.

இங்கு அவமதிப்பு நடவடிக்கை பயன்தந்தமைக்கு மூன்று காரணங்களைச் சுட்டலாம். முதலாவது, ஆணைக்குக் கட்டுப்பட்டவர்கள் அடையாளம் காணத்தக்கவர்கள். சாயப்பட்டறைக்கு மாசுக் கட்டுப்பாட்டு வாரியத்தின் இசைவாணை உண்டு. அது எந்தச் சுத்திகரிப்பு நிலையத்தின் உறுப்பு என்பதும் பதிவில் உண்டு. இரண்டாவது, ஆணைக்கு ஒரே பொருள்தான். கழிவுநீர் வெளியே போகிறதா இல்லையா என்பதில் விளக்க வேறுபாட்டுக்கு இடமில்லை. மூன்றாவது, மீறலை உறுதிசெய்ய இரு தரப்பும் அல்லாத ஒருவர் இருந்தார். வாரியத்தின் அலுவலர்கள் நீரின் உப்புச்செறிவை அளந்து சொல்ல முடியும். மின்வாரியம் இணைப்பைத் துண்டிக்க முடியும். பனியன் பட்டறையின் தையல் தொழிலாளிக்கு இம்மூன்றும் அரிதாகவே வாய்க்கின்றன.

எனினும் இந்த வெற்றிக்கும் ஒரு விலை இருந்தது. பட்டறைகள் மூடப்பட்டதால் சாயத் தொழிலாளர்கள் வேலையிழந்தனர். அவர்களுடைய ஊதியம் அந்த அவமதிப்பு மனு எழுப்பிய வினா அன்று. அப்போது நடைமுறையிலிருந்த தொழிற்தகராறுகள் சட்டத்தின் 25C பிரிவு, வேலையளிக்க இயலாத நாள்களுக்கு அடிப்படை ஊதியம், பஞ்சப்படி ஆகியவற்றில் பாதியை ஈட்டுத்தொகையாக வழங்கச் சொன்னது. ஆனால் ஐம்பது தொழிலாளருக்குக் குறைவான நிறுவனங்களுக்கு அப்பிரிவு பொருந்தவில்லை. சிறு பட்டறைகளில் வேலைசெய்தவர்கள் இக்காப்புக்கு வெளியே நின்றனர். ஆணையின் சொற்களுக்கு அப்பால் அவமதிப்பு நீதிமன்றம் பார்ப்பதில்லை என்ற விதி, பணிநீக்கப்பட்டவரைப் போலவே இவர்களையும் பார்வைக்கு வெளியே நிறுத்தியது. மேலும், பட்டறைகள் மீண்டும் இயங்கியது தண்டனையால் அன்று; தொழில்நுட்ப மாற்றமும், 2011இல் தமிழக அரசு சுத்திகரிப்பு நிலையங்களுக்கு அறிவித்த 200 கோடி ரூபாய் வட்டியில்லாக் கடனும் அதற்கு வழிசெய்தன.

அவமதிப்புக்கு அப்பாலுள்ள வழிகள்

ஒழுங்குத் தகராறில் தொழிலாளிக்குரிய உண்மையான கருவிகள், 2025 வரை நடைமுறையிலிருந்த 1947ஆம் ஆண்டுத் தொழிற்தகராறுகள் சட்டத்துக்குள்ளேயே உருவாயின. 1971இல் சேர்க்கப்பட்ட 11A பிரிவு, உள்விசாரணையின் முடிவை மறு ஆய்வு செய்து தண்டனையைக் குறைக்கும் அதிகாரத்தைத் தொழிலாளர் நீதிமன்றத்துக்கு அளித்தது. அவமதிப்பு நீதிமன்றம் தொடமறுக்கும் ‘தண்டனை தகுமா’ என்ற வினாவுக்கு இங்கேதான் இடம் இருந்தது. தனியொருவரின் பணிநீக்கத்தையும் தொழிற்தகராறாக ஏற்ற 2A பிரிவில், அரசின் பரிந்துரைக்குக் காத்திராமல் தொழிலாளர் நீதிமன்றத்தை அணுகும் வழியை 1988இல் தமிழ்நாட்டுத் திருத்தம் திறந்தது.

தகராறு நிலுவையில் இருக்கும்போது நீக்கப்படுவோருக்கு 33(2)(b) பிரிவு உதவியது. நிர்வாகம் உரிய ஒப்புதல் பெறாவிட்டால் பணிநீக்கம் தொடக்கத்திலிருந்தே செல்லாது என 2002இல் அரசியல் சாசன அமர்வு தீர்ப்பளித்தது. மீள்பணியமர்த்தல் தீர்ப்பை எதிர்த்து நிர்வாகம் மேல்மன்றம் சென்றால், வேறு வேலையில் இல்லாத தொழிலாளிக்குக் கடைசியாகப் பெற்ற ஊதியத்தை வழங்கவேண்டும் என்றது 17B பிரிவு. பணத்தை வருவாய் நிலுவைபோல் வசூலிக்க 33C பிரிவும், தீர்ப்பை மீறியவருக்கு ஆறு மாதம்வரை சிறைத்தண்டனை வழங்க 29ஆம் பிரிவும் இருந்தன. 2010ஆம் ஆண்டுத் திருத்தம், தொழிலாளர் நீதிமன்றத் தீர்ப்பை உரிமையியல் நீதிமன்றத் தீர்ப்பாணைபோல் நிறைவேற்றவும் வகைசெய்தது.

இவையெல்லாம் ஏட்டில் வலிமையானவையாக இருந்தன. பீஸ் ரேட் தொழிலாளியின் ‘கடைசி ஊதியம்’ எவ்வளவு என்பதைக் காட்டும் பதிவு இல்லாதபோது 17B பிரிவும் தடுமாறியது. எனவே திருப்பூரில் ஒழுங்குத் தகராறின் மையம் நீதிமன்றத்துக்கு வெளியே, வருகைப் பதிவேட்டிலும் சம்பளச் சிட்டையிலும் இருக்கிறது. நொய்யல் வழக்கில் மாசுக் கட்டுப்பாட்டு வாரியத்தின் அளவீடு வகித்த இடத்தைப் பட்டறைக்குள் இவ்வேடுகளே வகிக்க இயலும்.

முடிவுரை

அவமதிப்பு அதிகாரத்தை விரிவாக்கினால் தொழிலாளி பயன்பெறுவார் என்ற எண்ணம் இயல்பானது; ஆனால் வரலாறு அதை முழுமையாக ஆதரிக்கவில்லை. ஆணையின் சொற்களைத் தாண்டித் தகராறின் உள்ளீட்டுக்குள் செல்லும் அதிகாரம் தொழிலாளிக்குக் கிடைத்தால் நிர்வாகத்துக்கும் கிடைக்கும். 1920இல் ஒரு சங்கத்தை முடக்கத் தடையாணை ஒன்றே போதுமானதாக இருந்தது. ஆகவே அவமதிப்பின் எல்லை குறுகியிருப்பது தொழிலாளருக்கும் காப்பே. குறை வேறோரிடத்தில் உள்ளது: தொழிலாளர் நீதிமன்றத் தீர்ப்பை நிறைவேற்றும் வழிகள் நலிந்திருப்பதால்தான் அவமதிப்பு மனுவின்மேல் அதற்குத் தகாத சுமை ஏற்றப்படுகிறது.

2020இல் நாடாளுமன்றம் நிறைவேற்றிய தொழில் உறவுகள் சட்டத்தொகுப்பு, நிலையாணைகளுக்கான எண்ணிக்கை வரம்பை முந்நூறாக உயர்த்தியுள்ளது. எழுத்திலான ஒழுங்கு நெறிமுறையின்றி இயங்கும் நிறுவனங்கள் இதனால் மேலும் பெருகக்கூடும். குறிப்பாணையும் விசாரணையும் இல்லாத இடத்தில் எதை மீறினார் என்று நீதிமன்றத்தில் காட்டுவது என்ற வினா, பவர் டேபிளோடு நில்லாமல் நடுத்தர ஆலைகளையும் எட்டும். திருப்பூரின் பணிநீக்க வழக்குகளில் தீர்ப்புக்கும் உண்மையான மீள்பணியமர்த்தலுக்கும் இடையே கழியும் காலத்தை வழக்குவாரியாகத் தொகுத்து ஆராய்வது இத்துறையின் அடுத்த பணியாக அமையவேண்டும்.